கண்ணுக்குள் ஒரு பாவை

எண்சாண் உடம்புக்குச் சிரசே பிரதானம் என்பர் நம் முன்னோர். அந்தச் சிரசிலே பிரதானம் எதுவென்று கேட்டால், கண் என்றே எவரும் விடை கூறுவர். கண்ணிலும் நடுநாயகமாக விளங்குவது, நாம் கண்மணி என்றும் பாவை என்றும் அழைக்கும் சின்னஞ்சிறு கரும்புள்ளி. அது சில வேளை கடுகளவாகச் சுருங்குகிறது. சில வேளை மிளகினும் பெரிதாக விரிகிறது. ஏன் இந்த மாற்றம்? அந்த மாற்றம் தவறும்போது உடல் நமக்குச் சொல்ல விழைவது என்ன? இவற்றை அறிந்து வைத்திருந்தால் ஒரு நாள் ஓர் உயிரையோ ஒரு குழந்தையின் பார்வையையோ காப்பாற்ற முடியும். ஆகவே இதைச் சற்று விரிவாகக் காண்போம்.

பெயரில் உள்ள அழகு

உங்கள் தோழியின் கண்ணை அருகிலிருந்து உற்று நோக்குங்கள். அந்தக் கரும்புள்ளியில் உங்கள் உருவமே ஒரு சிறு பொம்மைபோல் தெரியும். பாவை என்றால் பொம்மை. பெண் என்றும் பொருள். அதனால்தான் தமிழில் அதற்குப் பாவை என்று பெயர் வந்தது. வியப்பு என்னவெனில், கடல் கடந்த ரோமானியரும் இதையே கண்டு, 'சிறு பெண் பொம்மை' என்று பொருள்படும் 'புப்பில்லா' என்ற சொல்லால் அதை அழைத்தனர். அதிலிருந்து வந்த 'ப்யூப்பில்' என்ற ஆங்கிலச் சொல், கண்ணின் பாவையையும் குறிக்கும். பள்ளி மாணவியையும் குறிக்கும். தன்னைக் கண்மணிபோல் காத்தருள வேண்டும் என்று இறைவனிடம் மன்றாடுகிறார் திருப்பாடல் ஆசிரியர். காக்கப்பட வேண்டியவற்றுள் தலையாயது கண்மணி என்பது எல்லா நாட்டாரும் உணர்ந்த உண்மை போலும்!

பாவை என்பது என்ன?

உண்மையில் பாவை என்பது ஒரு பொருளே அன்று. அது ஒரு துவாரம். பகலில் தெருவில் நின்று ஒரு வீட்டின் திறந்த சன்னலைப் பார்த்தால் உள்ளே இருட்டாகத் தெரிகிறது அல்லவா? வெளிச்சம் உள்ளே செல்கிறது. ஆனால் திரும்பி வருவது மிகக் குறைவு. பாவை கருப்பாகத் தோன்றுவதும் அவ்வாறே.

அந்தத் துவாரத்தைச் சுற்றியுள்ள நிறமுள்ள திரைக்கு ஐரிஸ் என்று பெயர். நம்மவர்க்கு அது பெரும்பாலும் கரும்பழுப்பு நிறம். இந்தத் திரைக்குள் இரண்டு தசைகள் உள்ளன. ஒன்று, துவாரத்தைச் சுற்றி வளையமாக அமைந்தது. பாட்டி இடுப்பில் செருகியிருக்கும் சுருக்குப்பையின் கயிற்றை இழுத்தால் வாய் சுருங்குவதுபோல், இத்தசை இறுகினால் பாவை சுருங்கும். மற்றொன்று, சைக்கிள் சக்கரத்தின் கம்பிகளைப்போல் நடுவிலிருந்து வெளிப்புறமாக அமைந்தது. இது இழுத்தால் பாவை விரியும்.

நல்ல வெயிலில் பாவையின் விட்டம் ஏறத்தாழ 2 மில்லிமீட்டர். இருளில் இளவயதினர்க்கு அது 7 அல்லது 8 மில்லிமீட்டர் வரை விரியும். வயது ஏற ஏற விரியும் ஆற்றல் குறைகிறது. மாலை நேரத்தில் தாத்தாவும் பாட்டியும் "விளக்கைப் போடம்மா" என்று முதலில் குரல் கொடுப்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

குகையும் வெயிலும்

ரமணாசிரமத்தின் பின்புறம் மலைமேல் செல்லும் பாதையை நம் ஊரார் அனைவரும் அறிவர். கந்தாசிரமத்தைக் கடந்து இறங்கினால், ரமணர் பல ஆண்டுகள் தங்கியிருந்த விருபாட்ச குகை வரும். நண்பகல் வெயிலில் பாறைகளின் மீது நடந்து வந்தவர் அந்தக் குகைக்குள் நுழைந்தவுடன் ஒன்றும் தெரியாமல் திகைத்து நிற்பார். சிறிது நேரம் சென்றபின் சுவரும் தரையும் அமர்ந்திருப்போரும் மெல்ல மெல்லத் தெரிவர். பெரிய கோயிலில் ஆயிரங்கால் மண்டபத்துப் பாதாள லிங்கத்திற்கு இறங்குவோரும் இதையே உணர்வர்.

"பாவை விரிந்ததால் இருளில் கண் தெரிந்தது" என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். அது பாதி உண்மைதான். கணக்குப் போட்டுப் பாருங்கள். விட்டம் 2-லிருந்து 8 மில்லிமீட்டர் ஆனால், நான்கு மடங்கு. பரப்பளவோ 16 மடங்கு. அதாவது, பாவை முழுதும் விரிந்தாலும் 16 மடங்கு வெளிச்சமே கூடுதலாக உள்ளே வரும். ஆனால் நண்பகல் வெயில், நாம் கிரிவலம் செல்லும் பௌர்ணமி நிலவொளியைவிட ஏறத்தாழ நான்கு லட்சம் மடங்கு அதிகம்! இவ்வளவு பெரிய வேறுபாட்டைப் பாவை ஒன்றே ஈடுகட்ட இயலாது. பெரும்பணியைச் செய்வது கண்ணின் உட்சுவராகிய விழித்திரை. அது இருளுக்கு முழுதும் பழகுவதற்கு 20 முதல் 30 நிமிடம் ஆகும்.

அப்படியாயின் பாவையின் பயன் என்ன? விரைவுதான். விழித்திரை மெதுவாகப் பழகும். பாவையோ ஒரு நொடிக்குள் சுருங்கிக் காவல் செய்யும். குகையிலிருந்து வெளியே வந்ததும் கண் கூசுகிறது. மறுகணமே பாவை கதவைச் சாத்திவிடுகிறது. மேலும், பாவை சுருங்கும்போது உருவம் தெளிவாக விழும். எழுத்து தெரியாதவர் கண்ணை இடுக்கிப் பார்ப்பதும் இதே தத்துவத்தில்தான். நூல் கோக்கும்போதும் புத்தகம் படிக்கும்போதும் அருகில் உள்ளதை நோக்குவதால், வெளிச்சம் மாறாவிடினும் பாவை தானே சுருங்குகிறது.

செய்தி செல்லும் பாதை

இதற்கு ஒரு சிறு சோதனை செய்யலாம். உங்கள் தோழியைச் சன்னலைப் பார்த்து அமரச் செய்யுங்கள். அவளுடைய வலக்கண்ணை மட்டும் உள்ளங்கையால் மூடுங்கள். மூடாத இடக்கண்ணின் பாவை சற்றே விரிவதைக் காண்பீர்கள். கையை எடுத்தால், அதே இடக்கண்ணின் பாவை சுருங்கும். வெளிச்சம் மாறியது ஒரு கண்ணுக்கு. பதில் அளித்தவையோ இரண்டு கண்களும்! ஏனெனில், ஒரு கண்ணில் விழுந்த ஒளியின் செய்தி பார்வை நரம்பு வழியாக மூளையின் நடுப்பகுதிக்குச் செல்கிறது. அங்கிருந்து இரு கண்களுக்கும் ஒரே கட்டளை திரும்பி வருகிறது. கட்டளையைக் கொண்டு வருவது மூளையிலிருந்து புறப்படும் மூன்றாவது நரம்பு.

பாவையை விரிக்கும் கட்டளை வேறு வழியில் வருகிறது. அது மூளையிலிருந்து தண்டுவடத்தில் இறங்கி, மார்பின் மேற்பகுதி வரை சென்று, நுரையீரலின் உச்சியைத் தொட்டு, கழுத்துத் தமனியோடு மீண்டும் மேலேறிக் கண்ணை அடைகிறது. அச்சம், வியப்பு, ஆர்வம் ஆகியவற்றால் பாவை விரிவது இந்த நரம்புகள் இருப்பதால்தான். கடினமான பெருக்கல் கணக்கை மனத்தில் போடும்போதும் பாவை விரிகிறது. கணக்கு கடினமாக ஆக ஆக அதிகம் விரிகிறது. இதை ஹெஸ், போல்ட் என்ற இரு ஆராய்ச்சியாளர்கள் 1964-ல் அளந்து காட்டினர்.

ஆக, ஒரு சிறு துவாரத்தின் அசைவைப் பார்த்தே விழித்திரை, பார்வை நரம்பு, நடுமூளை, மூன்றாவது நரம்பு, கழுத்து, மார்பு ஆகிய இத்தனை இடங்களின் நலத்தையும் மருத்துவர் ஒருவாறு ஊகிக்க முடிகிறது. மருத்துவர் கையில் சிறு டார்ச் விளக்கு எப்போதும் இருப்பது இதற்காகத்தான்.

சமமாக இல்லாவிடில் அஞ்ச வேண்டுமா?

முதலில் ஓர் ஆறுதலான செய்தி. ஐந்தில் ஒருவர்க்கு இரு பாவைகளும் இயல்பாகவே சிறிது வேறுபட்டிருக்கும். வேறுபாடு 1 மில்லிமீட்டருக்குள் இருந்து, இரண்டும் வெளிச்சத்தில் சுறுசுறுப்பாகச் சுருங்கி, வேறு தொல்லையும் இல்லையெனில் கவலை வேண்டாம். அது பழைய வேறுபாடா, புதியதா என்று அறிய, மருத்துவர்கள் பழைய புகைப்படங்களைக் கேட்பதுண்டு. புதுநன்மை வாங்கிய நாளில் எடுத்த படம் இங்கே ஒரு மருத்துவச் சான்றாகிவிடுகிறது!

இன்னொரு காரணம் மருந்து. கண் பரிசோதனையின்போது உட்புறத்தைப் பார்ப்பதற்காகப் பாவையை விரிக்கும் சொட்டு மருந்து விடுவார்கள். அன்று சில மணி நேரம் கண் கூசும், எழுத்து மங்கும். பிறகு தானே சரியாகிவிடும். ஒருவருக்குக் கொடுத்த சொட்டு மருந்தை மற்றொருவர் எடுத்து விட்டுக்கொள்வது மட்டும் கூடவே கூடாது.

ஊமத்தையும் பூச்சிமருந்தும்

நம் ஊரில் புறம்போக்கு நிலங்களிலும் சாலையோரங்களிலும் ஊமத்தை தானாக வளர்ந்து கிடக்கிறது. சிவபெருமானுக்கு உகந்த மலர் என்று போற்றப்படும் செடி இது. ஆனால் இதன் இலை, பூ, விதை எல்லாவற்றிலும் அட்ரோபின் வகையைச் சேர்ந்த நச்சுப் பொருள்கள் உள்ளன. இச்செடியைப் பிடுங்கிய கையால் ஒரு கண்ணைத் தேய்த்தால், அந்தக் கண்ணின் பாவை மட்டும் அகன்று, பல மணி நேரம், சில வேளை நாள் கணக்கில், வெளிச்சத்துக்கும் அசையாமல் நின்றுவிடும். விதையைத் தின்ற குழந்தைக்கு இரு பாவைகளும் விரியும், வாய் உலரும், தோல் சிவந்து சுடும், பிதற்றலும் வரும். உடனே மருத்துவமனைக்குக் கொண்டு செல்ல வேண்டும். மீதியுள்ள விதையையோ காயையோ கையோடு எடுத்துச் சென்றால் மருத்துவர்க்கு உதவியாக இருக்கும்.

முற்காலத்தில் இத்தாலி நாட்டுப் பெண்கள் அழகுக்காக இதே இனத்து நஞ்சு கொண்ட ஒரு செடியின் சாற்றைக் கண்ணில் விட்டுக்கொண்டனராம். அகன்ற பாவை அழகு என்று எண்ணினர். அந்தச் செடிக்கே 'அழகிய பெண்' என்று பொருள்படும் 'பெல்லடோனா' என்ற பெயர் நிலைத்துவிட்டது. அழகு கிடைத்ததோ இல்லையோ, கண் கூசலும் மங்கலும் கிடைத்திருக்கும் என்பது உறுதி.

இதற்கு நேர் எதிரானது, வயலில் தெளிக்கும் சில பூச்சிமருந்துகளின் நஞ்சு. முகத்தை மூடாமல் காற்றுக்கு எதிராக மருந்து தெளித்தவர்க்கு எச்சில் ஊறி, வியர்த்து, மூச்சு இரைத்து, பாவைகள் குண்டூசி முனைபோல் சுருங்கினால், அது ஆபத்தின் அடையாளம். இங்கே ஓர் அதிசயம் காணுங்கள்: ஊமத்தையில் நஞ்சாக உள்ள அந்த அட்ரோபினே, மருத்துவர் அளந்து ஊசியாகச் செலுத்தும்போது, பூச்சிமருந்து நஞ்சுக்கு மாற்று மருந்தாகிறது! இதை வீட்டில் எவரும் செய்து பார்க்கலாகாது என்று தனியே கூற வேண்டியதில்லை.

தலையில் அடிபட்டால்

இக்கட்டுரையில் எல்லாவற்றையும் மறந்தாலும் இந்தப் பகுதியை மட்டும் மறவாதிருங்கள்.

விளையாட்டுத் திடலில் விழுந்தோ, மோட்டார் சைக்கிளிலிருந்து சரிந்தோ ஒருவர்க்குத் தலையில் அடிபடுகிறது. எழுந்து அமர்கிறார், தண்ணீர் குடிக்கிறார், "எனக்கு ஒன்றுமில்லை" என்கிறார். ஆனால் மண்டை ஓட்டுக்குள் ஒரு இரத்தக்குழாய் கிழிந்து, உள்ளே இரத்தம் மெல்லச் சேர்ந்துகொண்டிருக்கலாம். மண்டை ஓடு விரிந்து இடம் கொடாது. ஆகவே மூளை நசுங்குகிறது. அப்போது மூன்றாவது நரம்பும் அழுத்தப்படுகிறது. பாவையைச் சுருக்கும் இழைகள் அந்த நரம்பின் வெளிப்புறத்தில் அமைந்திருப்பதால், முதலில் பாதிக்கப்படுபவை அவைதாம். அடிபட்ட பக்கத்துப் பாவை பெரிதாகி, டார்ச் அடித்தாலும் அசையாமல் நின்றுவிடுகிறது. 19-ஆம் நூற்றாண்டில் இதை விளக்கிய ஆங்கிலேய அறுவை மருத்துவர் ஜோனதன் ஹட்சின்சன் பெயரால் இந்தப் பாவை அழைக்கப்படுகிறது. 1974-ல் கிளாஸ்கோ நகரத்து மருத்துவர்கள் வகுத்த மயக்க நிலை அளவுகோல் உலகெங்கும் பயன்படுகிறது. பாவையின் அசைவையும் அதனோடு சேர்த்துக் கணக்கிடும் முறை 2018-ல் வெளியிடப்பட்டது.

ஆனால் ஓர் எச்சரிக்கை. பாவை பெரிதாவது காலம் கடந்த அடையாளம். அதற்கு முன்பே தலைவலி கூடும், வாந்தி வரும், தூக்கம் தூக்கமாக வரும், பேச்சுக் குழறும். "பாவை சமமாகத்தானே இருக்கிறது, தூங்கி எழுந்தால் சரியாகிவிடும்" என்று எண்ணி இருந்துவிடலாகாது. இந்த அறிகுறிகளுள் ஒன்று தென்பட்டாலும் 108-ஐ அழைத்து மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும்.

அடிபடாமலேயே இது நேர்வதுண்டு. திடீரென்று தாங்கொணாத் தலைவலி வந்து, ஒரு கண்ணிமை சரிந்து, அக்கண்ணின் பாவையும் அகன்றால், மூளையின் அடியில் இரத்தக்குழாய் புடைத்திருக்கக்கூடும். அது ஒரு மணி நேரமும் தாமதிக்கத் தகாத நிலை. சர்க்கரை நோயாளிகளுக்கும் மூன்றாவது நரம்பு பாதிக்கப்பட்டு இமை சரிவதுண்டு. ஆனால் அந்நோய் நரம்பின் உட்பகுதியைத் தாக்குவதால், பாவை பெரும்பாலும் தப்பிவிடும். ஒரே நரம்பு, பாவையின் அளவே வேறுபாட்டை உணர்த்துகிறது! ஆயினும் முடிவு சொல்ல வேண்டியவர் மருத்துவரே.

சுருங்கிய பாவையும் சிவந்த கண்ணும்

ஒரு பாவை மட்டும் சிறியதாகி, அந்த இமையும் சற்றே தாழ்ந்தால், மார்பிலிருந்து கழுத்து வழியாக ஏறும் நரம்பில் தடை இருக்கலாம். சுவிட்சர்லாந்து நாட்டு மருத்துவர் ஹார்னர் 1869-ல் இதை விவரித்தார். சில வேளைகளில் நுரையீரலின் உச்சியில் தோன்றும் கட்டியை முதலில் காட்டிக்கொடுப்பது இந்தச் சிறிய பாவைதான்.

கண் சிவந்து, கடும் வலியெடுத்து, விளக்கைச் சுற்றி வானவில் வளையம் தெரிந்து, பாவை பாதி விரிந்த நிலையில் அசையாது நின்றால், அது கண்ணின் உள்ளழுத்தம் திடீரென ஏறிய நோய். ஒற்றைத் தலைவலி என்று மாத்திரை விழுங்கிவிட்டுப் படுத்தால் பார்வை பறிபோகும். இந்த அழுத்த நோய்க்கு அறுவை முறை ஒன்றை வகுத்துப் புகழ்பெற்ற எலியட் என்ற மருத்துவர் பணியாற்றியது நம் சென்னை எழும்பூர் கண் மருத்துவமனையில்தான். 1819-ல் தொடங்கப்பட்ட அது, உலகின் மிகப் பழைய கண் மருத்துவமனைகளுள் ஒன்று.

வெள்ளையாகத் தெரியும் பாவை

தாய்மார்களே, இது உங்களுக்கு. குழந்தையின் பாவை கருப்பாக இல்லாமல் வெள்ளையாகவோ, பூனைக்கண்போல் பளபளப்பாகவோ தெரிந்தால் ஒரு வாரமும் தள்ளிப் போடாதீர்கள். பளிச்சிடும் விளக்குடன் எடுத்த புகைப்படத்தில் ஒரு கண் சிவப்பாகவும் மற்றது வெள்ளையாகவும் விழுவதும் இதற்கு அடையாளமாகலாம். அது பிறவிக் கண்புரையாக இருக்கலாம். காலத்தில் அகற்றாவிடில் அக்கண் பார்க்கவே கற்றுக்கொள்ளாது. அல்லது விழித்திரையில் தோன்றும் புற்றுக்கட்டியாக இருக்கலாம். இது பெரும்பாலும் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கு வருவது. தொடக்கத்திலேயே கண்டால் உயிரைக் காக்கலாம். பல வேளைகளில் கண்ணையும் காக்கலாம். "அழகான பூனைக்கண்" என்று கொஞ்சிக்கொண்டிருந்துவிட்டால் இரண்டையும் இழக்க நேரும்.

அசையாத பாவை என்றால் மரணமா?

நம் மாவட்டத்துக் கிராமங்களில் தரையில் பாய் விரித்து உறங்குவோரைக் கட்டுவிரியன் தீண்டுவதுண்டு. அதன் நஞ்சு நரம்பு முனைகளை முடக்கிவிடும். இமை திறவாது, கைகால் அசையாது, சிலர்க்குப் பாவைகளும் அகன்று அசைவற்று நின்றுவிடும். உயிர் போய்விட்டது என்றே சுற்றத்தார் அழத் தொடங்குவர். ஆனால் செயற்கைச் சுவாசமும் நச்சுமுறி மருந்தும் கொடுத்தால் இவர்கள் பிழைத்து எழுவதுண்டு. அந்த நச்சுமுறி மருந்துக்கு வேண்டிய பாம்பு நஞ்சைச் சேகரித்துத் தருவோருள், 1978-ல் தொடங்கிய வடநெம்மேலி இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தினர் முக்கியமானவர்கள்.

ஆதலால், பாவை அசையவில்லை என்ற ஒன்றை மட்டும் கொண்டு எவரையும் இறந்துவிட்டார் என்று முடிவு கட்டலாகாது. மூளைச்சாவு என்று அறிவிப்பதற்கு 1994-ஆம் ஆண்டுச் சட்டம் கடுமையான முறைகளை வகுத்துள்ளது. நான்கு மருத்துவர்கள் சோதிக்க வேண்டும். 6 மணி நேர இடைவெளியில் மீண்டும் சோதிக்க வேண்டும். நஞ்சோ மயக்க மருந்தோ காரணம் அன்று என்று முதலில் உறுதி செய்ய வேண்டும். பாவையின் மீது ஒளி பாய்ச்சுவது அச்சோதனைகளுள் ஒன்று.

நாம் செய்யக்கூடியது

வீட்டிலோ விடுதியிலோ பாவையைப் பார்க்கும் முறை எளிது. அறை வெளிச்சத்தைச் சற்றுக் குறைத்து, தூரத்தில் ஒரு பொருளைப் பார்க்கச் சொல்லுங்கள். அருகில் பார்த்தால் பாவை தானே சுருங்கிவிடும். சாதாரண டார்ச்சைப் பக்கவாட்டிலிருந்து ஒரு நொடி மட்டும் காட்டுங்கள். மூன்றே கேள்விகள்: இரண்டும் ஏறத்தாழச் சமமா? இரண்டும் வட்டமாகவும் கருப்பாகவும் உள்ளனவா? இரண்டும் வெளிச்சத்தில் சுருங்குகின்றனவா? இதற்கு லேசர் விளக்கை ஒருபோதும் பயன்படுத்தாதீர்கள். எரிச்சலுக்குத் தாய்ப்பால், எண்ணெய், இலைச்சாறு ஆகியவற்றைக் கண்ணில் விடும் பழக்கத்தையும் விட்டொழியுங்கள்.

அன்பு மாணவியரே, பாவை பேசாது; ஆனால் பொய் சொல்லத் தெரியாத சாட்சி அது. நம் விருப்பத்துக்கு அதைச் சுருக்கவும் விரிக்கவும் நமக்கு அதிகாரம் இல்லை. அதனால்தான் அதன் சொல் மருத்துவரிடம் அவ்வளவு மதிப்புப் பெறுகிறது. இன்று மாலை வீட்டுக்குச் சென்றதும் பாட்டியின் கண்ணையும், தம்பி தங்கையின் கண்ணையும் ஒருமுறை அன்போடு உற்றுப் பாருங்கள். அங்கே உங்கள் சிற்றுருவம் தெரியும். அதைத் தாங்கி நிற்கும் கரிய வட்டம் நலமாக இருக்கிறதா என்பதையும் அதே நொடியில் அறிந்துகொள்ளலாம்.